கூலி கேட்காத கடல்: அலங் பயணக் குறிப்புகள்

புதன், பாவ்நகர்

அகமதாபாத்திலிருந்து பாவ்நகர் வரும் வழியில் பார்க்க அதிகம் ஒன்றுமில்லை. உப்புப் பூத்த தரிசு, சீமைக்கருவேலம், வேளாவதர் வெளிமான் பூங்காவுக்கு ஒரு கைகாட்டி. உடன் வந்த அண்ணாச்சிக்கு மட்டும் உப்பளங்களைக் கண்டதும் ஊர் நினைவு வந்துவிட்டது. தூத்துக்குடிக்காரர். சரக்குக் கப்பல்களில் சீஃப் இன்ஜினியராக இருந்து ஓய்வு பெற்றவர். அவர் ஓட்டிய கப்பல்களில் முக்கால்வாசி இந்தக் கரையில்தான் ஆயுளை முடித்திருக்கின்றன என்பது அவர் கணக்கு.

"இப்பப் போய் என்ன அண்ணாச்சி பார்க்கப் போறீங்க? எல்லாம் கம்பியாகி யார் வீட்டு கான்கிரீட்டுக்குள்ளயோ கிடக்கும்."

"கிடக்கட்டும் தம்பி. எடத்தைப் பாக்கலாம்லா?"

அலங், பாவ்நகருக்குத் தெற்கே ஐம்பது கிலோமீட்டர். காம்பத் வளைகுடாவின் மேற்குக் கரை. 1983 பிப்ரவரியில் 'கோட்டா டென்ஜாங்' என்ற கப்பலை உடைப்பதற்காக இங்கே கரையேற்றினார்கள். அதுதான் முதல் கப்பல். இன்று சோசியா கிராமம் வரை பத்து கிலோமீட்டர் நீளத்துக்கு நூற்றைம்பதுக்கு மேற்பட்ட பிளாட்டுகள், அதாவது கப்பல் உடைக்கும் மனைகள். கப்பல் உடைப்பில் அலங்குக்குச் சமமாகப் போட்டி போடும் இடம் வங்கதேசத்தின் சட்டோகிராம் மட்டுமே. பாகிஸ்தானின் கடானியும் துருக்கியின் அலியாகாவும் அதற்கு அடுத்த வரிசை.

ராத்திரி சாப்பாட்டுக்குப் பதில் காட்டியா என்கிற கடலைமாவு நொறுக்கும் வறுத்த பச்சைமிளகாயும். பாவ்நகர் காட்டியாவின் புகழ் பொய்யில்லை. அண்ணாச்சிதான் மீன் கிடைக்காத கடற்கரை ஊர் என்று கொஞ்சம் முணுமுணுத்தார்.

வியாழன், கோலியாக்

கப்பல் உடைக்க ஏன் இந்த இடத்தைத் தேர்ந்தெடுத்தார்கள் என்று தெரிய வேண்டுமானால், அலங் போகுமுன் கோலியாக் போங்கள். பாவ்நகரிலிருந்து முக்கால் மணி நேரம். நிஷ்களங்க் மகாதேவ் கோயில் அங்கே கடலுக்குள் இருக்கிறது.

நாங்கள் போனது அமாவாசையை ஒட்டிய காலை. கடலையே காணோம். கரையிலிருந்து ஒரு கிலோமீட்டருக்கு மேல் சேறும் ஈரமணலும்தான். நடுவில் ஒரு கல்மேடை, அதில் ஐந்து லிங்கங்கள், பக்கத்தில் உயரமான கொடிமரம். ஜனங்கள் செருப்பைக் கையில் பிடித்துக்கொண்டு வரிசையாக நடந்து போகிறார்கள். பாரதப் போர் முடிந்து பாண்டவர்கள் பாவம் தொலைத்த இடம் என்பது தலபுராணம். தொழுதுவிட்டுத் திரும்பினோம். கரையில் டீ, அப்புறம் கடைக்காரரோடு அரட்டை, அப்புறம் இன்னொரு டீ. பிற்பகலில் பார்த்தால் மேடை இல்லை. தண்ணீருக்கு மேல் கொடி மட்டும் ஆடிக்கொண்டிருந்தது.

சென்னையில் ஏற்றத்துக்கும் வற்றத்துக்கும் ஒரு மீட்டர் வித்தியாசம் வந்தாலே பெரிது. இங்கே அமாவாசை, பௌர்ணமி நாட்களில் பத்து மீட்டர் வரை ஏறி இறங்குகிறது. வளைகுடா வடக்கே போகப் போகப் புனல் மாதிரி குறுகுவதால், உள்ளே நுழைந்த நீருக்குப் பக்கவாட்டில் போக இடமில்லை, மேலே ஏறிவிடுகிறது.

இப்போது கோயில் மேடை இருந்த இடத்தில் ஒரு கப்பலை வைத்துப் பாருங்கள். கப்பலை முறையாகப் பிரிக்க உலர்துறை வேண்டும். உள்ளே விட்டுக் கதவை மூடி, நீரை இறைத்து, அதன்பிறகு வேலை ஆரம்பிக்க வேண்டும். அதற்கான செலவைக் கேட்டால் பழைய இரும்பு வியாபாரி எழுந்து போய்விடுவார். அலங்கில் பெரிய ஏற்றத்தன்று, வெறுங்கப்பலை முழு வேகத்தில் கரையைப் பார்த்து ஓட்டி ஏற்றிவிடுகிறார்கள். தண்ணீர் இறங்கியதும் கப்பல் தரையில் நிற்கிறது. சரிவு மெதுவானது, அடிமண் கெட்டி, சாய்வதில்லை. முன்பக்கத்திலிருந்து வெட்ட வெட்ட எடை குறையும். அடுத்த பெரிய ஏற்றத்தில் மிச்சத்தை வின்ச் போட்டு இன்னும் கொஞ்சம் உள்ளே இழுப்பார்கள். உலர்துறைக் கதவு, பம்பு, இழுவைப் படகு என்று அத்தனை வேலையையும் கடலே செய்துவிடுகிறது, கூலி கேட்காமல்.

நம் ராமநாதபுரம் கரையில் வாலிநோக்கத்திலும் முன்பு கப்பல் உடைத்தார்கள். மன்னார் வளைகுடாவில் இந்த மாதிரி ஏற்றம் கிடையாது, பக்கத்திலேயே பவளப்பாறைகள் வேறு. அது பெரிதாக வளராமல் போனதில் எனக்கு வருத்தம் எதுவும் இல்லை.

வெள்ளி, அலங்

அனுமதி இல்லாமல் பிளாட்டுக்குள் காலடி வைக்க முடியாது. கரை முழுவதும் குஜராத் கடல்சார் வாரியத்தின் பொறுப்பில் இருக்கிறது. அண்ணாச்சியின் பழைய சிநேகிதர் ஒருவர் முறையாகச் சீட்டு வாங்கி வைத்திருந்தார். போன், கேமரா இரண்டையும் வாசலிலேயே வாங்கிக்கொண்டு, ஹெல்மெட்டும் பூட்ஸும் கொடுத்தார்கள். அதனால் இந்தப் பதிவில் படம் இல்லை. எழுத்தை வைத்துச் சமாளித்துக்கொள்ளுங்கள்.

நாங்கள் பார்த்தது ஒரு பல்க் கேரியர், நிலக்கரியும் தானியமும் ஏற்றுகிற வகை. மூக்கும் முதல் இரண்டு சரக்கறைகளும் போய்விட்டன. மீதி, வெட்டிய வாயோடு நம்மைப் பார்த்து நிற்கிறது. இரட்டை அடித்தளம், பக்கவாட்டுத் தொட்டிகள், உள்ளே சுவரில் ஒட்டிக்கொண்டு இறங்கும் இரும்பு ஏணி எல்லாம் அப்பட்டமாகத் தெரிகின்றன. கப்பல் எவ்வளவு பெரியது என்பது தண்ணீரில் தெரிவதில்லை, பாதி உள்ளே இருக்கும். இங்கே அடிவயிறு வரை வெளியே. அதன் கீழே நடக்கும் ஆள் எழுத்துப்பிழை மாதிரி இருக்கிறார்.

மேலே ஆக்சிஜனும் எல்பிஜியும் கலந்த சுடரோடு கட்டர்கள். வெட்டுகிற கோட்டில் முதலில் பெயின்ட் எரிகிறது; அந்த நாற்றம் ராத்திரி குளித்த பிறகும் மூக்கை விட்டுப் போகவில்லை. முன்பெல்லாம் பெரிய துண்டை அப்படியே சேற்றில் விழவிட்டு, வற்றத்தில் இழுத்து வருவார்கள். இந்த பிளாட்டில் கிரேன் வைத்து எடுத்து, கான்கிரீட் தளத்தில் இறக்குகிறார்கள். எண்ணெயும் பெயின்ட் தூளும் மண்ணுக்குள் போகக் கூடாது என்பதற்காகத் தளம் போட்டார்களாம். ஆனாலும் கப்பல் நிற்கிற இடம் சேறுதான். அந்த இடத்துக்கு யாரும் கான்கிரீட் போட முடியாது. கேட்காமல் வேலை செய்து கொடுத்த கடல், கொட்டியதையும் கேட்காமல் வாங்கிக்கொண்டது. முதல் இருபது வருடம் அப்படியே ஓடிவிட்டது. 2003-இல் உச்ச நீதிமன்றம் தலையிட்ட பிறகுதான் இங்கே ஒழுங்குமுறை என்று ஒன்று வந்தது.

துண்டுகளைத் தளத்தில் மறுபடி வெட்டித் தகடுகளாக்கி லாரியில் ஏற்றுகிறார்கள். பெரும்பாலான தகடு உருக்காலைக்குப் போவதில்லை. பக்கத்து ஊர் சிஹோரின் ரோலிங் மில்களில் பழுக்கக் காய்ச்சி அப்படியே உருட்டிக் கம்பியாக்கிவிடுகிறார்கள். உருக்கும் செலவு மிச்சம்.

விலை பேசுவதும் எடையில்தான். சரக்கு, எரிபொருள் எதுவும் இல்லாமல் கப்பலின் சொந்த எடை எத்தனை டன்னோ, அதற்கு இத்தனை டாலர். அண்ணாச்சி இன்ஜின் அறையில் முப்பது வருடம் கண்ணில் எண்ணெய் விட்டுக்கொண்டு பார்த்த ஜெனரேட்டருக்கும் டெக்கின் கைப்பிடிக்கும் அந்தக் கணக்கில் ஒரே விலை. 2008 நடுவில் டன்னுக்கு 700 டாலரைத் தாண்டியது. அந்த வருடம் முடிவதற்குள் பாதிக்கும் கீழே சரிந்தது. ஏற்றத்தில் வாங்கி இறக்கத்தில் விற்க வேண்டிவந்த பிளாட்டுக்காரர்கள் பலர் எழுந்திருக்கவே இல்லை.

ஆனால் எத்தனை கப்பல் வருகிறது என்பது வேறு கதை. உலக வியாபாரம் படுத்தால் அலங் எழுந்து உட்காரும். சரக்குக் கட்டணம் சரிந்து, கப்பலை ஓட்டுவதே நஷ்டம் என்றானதும் சொந்தக்காரர்கள் இங்கே அனுப்பிவிடுகிறார்கள். 2011-12-இல் மட்டும் 415 கப்பல்கள். அதுவரை வராத எண்ணிக்கை. இப்போது அதில் பாதிகூடக் கிடையாது. 2023 கடைசியில் செங்கடலில் ஏமனின் ஹவுத்திகள் கப்பல்களைத் தாக்கத் தொடங்கியதும் கப்பல்கள் ஆப்பிரிக்காவைச் சுற்றிப் போக ஆரம்பித்தன. தூரம் கூடியதால் கப்பல் தேவையும் கூடியது. கிழடு தட்டியவற்றைக்கூடப் பெயின்ட் அடித்து ஓட்டுகிறார்கள். இங்கே பல பிளாட்டுகள் காலியாகக் கிடக்கின்றன. டீக்கடைக்காரர் ஏமன் சண்டையைப் பற்றி ராமநாதபுரத்து விவசாயி வடகிழக்குப் பருவமழையைப் பற்றிப் பேசுகிற அக்கறையோடு பேசினார்.

வேலை செய்கிறவர்கள் ஒடிசாவின் கஞ்சாம், உத்தரப் பிரதேசம், பிகார், ஜார்கண்ட் ஆட்கள். இடைவேளையில் ஒரு கஞ்சாம்காரர் எங்களோடு உட்கார்ந்தார். பையனாக வந்தவர். அப்போது லுங்கி, செருப்பு, கூலிங் கிளாஸ், அவ்வளவுதான் பாதுகாப்பு என்று சிரித்தார். இப்போது பயிற்சி, பூட்ஸ், கையுறை எல்லாம் உண்டு. "மதராஸா? எங்க ஊர்ப் பையன்கள் இப்போ திருப்பூருக்குத்தான் போகிறார்கள் பாய். அங்கே மேலேயிருந்து எதுவும் விழாது." இதைச் சொல்லும்போது அவர் சிரிக்கவில்லை.

இங்கே எல்லோரும் அதிகம் பயப்படுவது எண்ணெய்க் கப்பல்களுக்குத்தான். தொட்டியில் வாயு இல்லை என்று சான்று வாங்கிய பிறகே சுடர் வைக்க வேண்டும். மூலையில் கொஞ்சம் வாயு தங்கிவிட்டால் போதும். 2012 அக்டோபரில் இங்கே ஒரு கப்பலில் தீப்பிடித்து ஆறு பேர் செத்தார்கள். 2016 நவம்பர் 1 அன்று கடானியில் எண்ணெய்க் கப்பல் வெடித்ததில் குறைந்தது 26 பேர். கல்நார் (ஆஸ்பெஸ்டாஸ்) கொல்வது இப்படி ஒரே நாளில் இல்லை. பழைய கப்பல்களில் குழாய்களைச் சுற்றியும் சுவர்ப் பலகைகளுக்குள்ளும் அது இருக்கும். நுரையீரலில் அதன் வேலை தெரிய இருபது முப்பது வருடம் ஆகும். அதற்குள் அந்த ஆள் கஞ்சாமுக்கோ கோரக்பூருக்கோ திரும்பிப் போயிருப்பார். எந்தப் பேரேட்டிலும் அது அலங் கணக்கில் வராது. நான் இங்கே பார்த்த கிரேன், ஹெல்மெட் எல்லாவற்றையும் பாராட்டத் தயார். இந்த ஒரு விஷயத்தில் மட்டும் யார் சொல்லும் சமாதானமும் எனக்கு ஒப்பவில்லை.

சனி, திரபஜ் சாலை

அலங்கிலிருந்து திரபஜ் வரை சாலையின் இரண்டு பக்கமும் கடைகள். இங்கே 'காடா' என்கிறார்கள். இதற்கு அனுமதி வேண்டாம், படம் எடுக்கலாம், நாள் முழுக்கச் சுற்றலாம்.

ஒவ்வொரு கடைக்கும் ஒரு சரக்கு. ஒன்றில் மெத்தைகள் மட்டும், கூரை வரைக்கும். அடுத்ததில் எவர்சில்வர் சமையலறை மேடைகள், ஓட்டல்காரர்கள் வந்து அளவெடுத்துக்கொண்டிருந்தார்கள். கழிப்பறைப் பீங்கான், டிரெட்மில், கயிறு, கதவு, நிறுவன முத்திரை போட்ட கோப்பைகள், ஆரஞ்சு நிற உயிர்காப்புப் படகுகள். ஒரு கடையில் கப்பல் நூலகத்தின் புத்தகங்கள்: கொரிய மொழி, ரஷ்ய மொழி, உக்ரேனிய சமையல் புத்தகம் ஒன்று. பயணிகள் கப்பல் உடைபட்டால் இந்தத் தெருவுக்குத் தீபாவளி. கொரோனா காலத்தில் சொகுசுக் கப்பல் கம்பெனிகள் திவாலானபோது அப்படித்தான் நடந்தது. 2019-இல் மும்பையிலிருந்து சுற்றுலா ஓட்டிக்கொண்டிருந்த 'கர்ணிகா' 2020 நவம்பரில் இங்கே கரையேறியது.

அண்ணாச்சி மோட்டார் கடைக்குள் நுழைந்தவர் ஒன்றரை மணி நேரம் வெளியே வரவில்லை. அவர் சொன்னதை, வாங்க நினைப்பவர்களுக்காக எழுதி வைக்கிறேன். கப்பலில் மின்சாரம் பெரும்பாலும் 60 ஹெர்ட்ஸ், 440 வோல்ட். நம் வீட்டு மின்சாரம் 50 ஹெர்ட்ஸ். மூன்று பேஸ் மோட்டாரை இங்கே இணைத்தால் ஓடும்; ஆறில் ஒரு பங்கு வேகம் குறையும், பம்பு என்றால் தண்ணீர் அதைவிடக் குறைவாகத் தள்ளும். ஜெனரேட்டரும் அப்படியே, 1800 சுற்றில் ஓடியதை 1500-க்கு இறக்கிவிடுவார்கள், சக்தியும் இறங்கும். "பேர்ப்பலகையில ஹெர்ட்ஸ் போட்டிருக்கும். அதைப் படிக்காம ரேட்டு பேசுறவன் ஏமாந்தவன்" என்றார். கடைக்காரர் அவரை ஓரக்கண்ணால் பார்த்தார்.

பித்தளைத் திசைகாட்டி, செக்ஸ்டன்ட், கப்பல் மணி என்று தூசி படிந்து கிடப்பவற்றைக் கண்டு மயங்க வேண்டாம். அதில் கணிசமானவை ரூர்க்கிப் பக்கம் புதிதாகச் செய்து பழசாக்கியவை. அறுபதுகளுக்கு முந்தைய ஆண்டு பொறித்து ஏதாவது பளிச்சென்று தெரிந்தால் நகர்ந்துவிடுங்கள். நான் கனமான பீங்கான் சூப் கிண்ணங்கள் ஆறு வாங்கினேன். அடியில் நார்வே முகவரி. நியாயமான விலை.

ஞாயிறு, மித்தி வீர்டி

மாந்தோப்புகள் நடுவே உள்ள கிராமம். இங்கே அணுமின் நிலையம் வருவதாக இருந்தது. கிராமத்து ஜனங்கள் வருடக்கணக்கில் எதிர்த்ததில் திட்டம் ஆந்திராவின் கொவ்வாடாவுக்கு மாறிப்போனது. கடற்கரையில் நின்று தெற்கே பார்த்தால் தூரத்தில் அலங் கப்பல்கள் வரிசையாக, பல் விழுந்தவையும் விழாதவையுமாக. நடுக்கடலில் இரண்டு, மூன்று நங்கூரம் போட்டுக் காத்திருந்தன. சுங்கம், மாசுக் கட்டுப்பாடு, வாரியம் என்று எல்லா ஆய்வும் முடிந்து, பெரிய ஏற்றம் வரும்வரை அங்கேதான் நிற்கும்.

அண்ணாச்சி ஒருமுறை அப்படி ஒரு கப்பலைக் கடைசிப் பயணமாக வளைகுடா வரை கொண்டுவந்திருக்கிறார். "பத்துப் பதினஞ்சு பேர்தான் தம்பி. நடுவழியில கொடி மாறிடும். புதுப் பேருக்குன்னு தனியா பெயின்ட் அடிக்கக்கூட மனசு வராது, பழைய பேருல நாலு எழுத்தை அழிச்சு விட்டுடுவான்." அவர் சொன்னது பொதுவான வழக்கம்தான். சொந்தக்காரர் கப்பலை 'கேஷ் பையர்' என்ற இடைத்தரகரிடம் விற்றுவிடுவார். அவர் பெயரைச் சுருக்கி, கொமரோஸ், பலாவ், செயின்ட் கிட்ஸ் மாதிரி ஒரு நாட்டின் கொடியை ஏற்றுவார். கரையில் ஏறும்போது அது கிரேக்க முதலாளியின் கப்பலும் இல்லை, ஜெர்மன் முதலாளியின் கப்பலும் இல்லை. மனிதன் கட்டியதிலேயே நீளமான கப்பல், 458 மீட்டர் 'சீவைஸ் ஜயன்ட்', பல பெயர் மாறி 'நாக் நெவிஸ்' ஆக இருந்து, கடைசியில் 'மான்ட்' என்ற நான்கெழுத்து ஆங்கிலப் பெயரோடுதான் 2009 டிசம்பரில் அலங் வந்தது. 1988-இல் ஈராக் விமானங்கள் குண்டு போட்டு மூழ்கடித்தும் மீட்டு ஓட்டிய கப்பல் அது. இங்கே ஒரு வருடத்தில் தீர்ந்துவிட்டது.

போர்க்கப்பலுக்கு இந்தக் கொடி வித்தை செல்லாது, அதனால் ஊருக்கே தெரிந்துவிடும். பிரான்ஸின் விமானந்தாங்கி 'கிளமான்சோ' 2005 கடைசியில் அலங்கை நோக்கிக் கிளம்பியது. கல்நார் விவகாரம் வெடித்து, நம் உச்ச நீதிமன்றம் உள்ளே விடாமல் நிறுத்த, 2006 பிப்ரவரியில் அதிபர் சிராக் திரும்பி வரச் சொன்னார். கடைசியில் இங்கிலாந்தின் ஹார்ட்டில்பூலில் பிரித்தார்கள். அதன் தங்கைக் கப்பல் 'ஃபோஷ்' பிரேசிலுக்கு விற்கப்பட்டு 'சாவோ பாவுலோ' ஆகியிருந்தது. அதை உடைக்க அலியாகாவுக்கு இழுத்துக்கொண்டு போனபோது 2022-இல் துருக்கி வேண்டாம் என்றது. திருப்பி இழுத்து வந்தார்கள், பிரேசிலிலும் துறைமுகம் கிடைக்கவில்லை. 2023 பிப்ரவரி 3 அன்று அட்லாண்டிக்கில் மூழ்கடித்துவிட்டார்கள். அலங்கைக் குறை சொல்வதற்கு முன் இந்த இரண்டாவது கதையையும் கணக்கில் எடுத்துக்கொள்ள வேண்டும் என்று எனக்குத் தோன்றுகிறது. உடைக்காமல் விட்டால் கப்பல் மறைந்துவிடாது.

2009-இல் ஹாங்காங்கில் ஏற்றுக்கொண்ட கப்பல் மறுசுழற்சி ஒப்பந்தம் ஒருவழியாக 2025 ஜூன் 26 அன்று நடைமுறைக்கு வந்திருக்கிறது. பதினாறு வருடம்! கப்பலில் என்னென்ன விஷப் பொருள் எங்கெங்கே இருக்கிறது என்று பட்டியல் வேண்டும், பிளாட்டுக்கு அங்கீகாரம் வேண்டும். இந்தியா 2019-லேயே தன் சட்டத்தை இயற்றிவிட்டது. அலங்கில் பெரும்பாலான பிளாட்டுகள் சான்றும் வாங்கிவிட்டன. ஐரோப்பிய ஒன்றியம் மட்டும், தான் அங்கீகரித்த உடைப்பிடங்களின் பட்டியலில் தெற்காசியக் கரைகள் ஒன்றையும் சேர்க்கவில்லை, சேற்றில் ஏற்றி உடைப்பதை ஏற்க மாட்டோம் என்கிறது. நியாயம்தான். ஆனால் அந்தப் பட்டியல் ஐரோப்பியக் கொடி பறக்கும் கப்பலுக்குத்தான். கொடியை மாற்ற எத்தனை நேரமாகும் என்று அண்ணாச்சியைக் கேட்டால் சிரிக்கிறார்.

திங்கள், கோகா

திரும்பும்போது அகமதாபாத் சுற்றவில்லை. கோகாவிலிருந்து சூரத் பக்கம் ஹஜிராவுக்கு, கார் ஏற்றும் படகு ஓடுகிறது. சாலை வழியே 370 கிலோமீட்டர், கடல் குறுக்கே 90. இன்ஜின் அறையைப் பார்க்க முடியுமா என்று அண்ணாச்சி ஏறியதும் விசாரித்தார், முடியாது என்றார்கள். கான்டீனில் உட்கார்ந்து, சத்தத்தை வைத்தே எந்த இன்ஜின் என்று சொல்லிக்கொண்டு வந்தார், சரிபார்க்கத்தான் ஆளில்லை.

போகிறவர்களுக்கு: பாவ்நகரில் தங்குங்கள், அலங்கில் வசதி குறைவு. அமாவாசை, பௌர்ணமியை ஒட்டிப் போனால் ஏற்றத்தையும் வற்றத்தையும் முழுதாகப் பார்க்கலாம். கோலியாக்கில் ஓத நேரத்தைக் கரையில் விசாரித்துக்கொண்டே இறங்குங்கள். பிளாட்டுக்குள் போக வாரியத்துக்குப் பல வாரம் முன்பே எழுதிக் கேளுங்கள், கிடைக்காமலும் போகலாம். கடைத்தெருவுக்கு ஒரு நாள் முழுதாக ஒதுக்குங்கள். பீங்கான் வாங்கினால் பழைய லைஃப் ஜாக்கெட்டில் சுற்றித் தரச் சொல்லுங்கள். என் கிண்ணங்கள் ஆறும் முழுசாக வந்து சேர்ந்தன.